நடித்த சம்பளத்தில் சொந்தப் படம்: ஜான் கசவெட்டிஸ் எப்படிச் சமாளித்தார்?

கேள்வி இதுதான்: "ஜான் கசவெட்டிஸ் என்கிற அமெரிக்க நடிகர், ஹாலிவுட்டில் நடித்து வந்த சம்பளத்தைப் போட்டு, ஸ்கிரிப்ட்டே இல்லாமல் தன் இஷ்டத்துக்குப் படம் எடுத்தார் என்கிறார்கள். உண்மையா? அப்படி எடுத்து ஒருவர் காலம் தள்ள முடியுமா?" இதற்குள் மூன்று விஷயம் இருக்கிறது. சம்பளத்தைப் போட்டுப் படம் எடுத்தார் என்பது பாதி உண்மை. ஸ்கிரிப்ட் இல்லை என்பது பெரும்பாலும் கட்டுக்கதை, அதற்கு அவரே கொஞ்சம் காரணம். காலம் தள்ளினாரா என்றால், தள்ளினார். ஆனால் நடிப்புச் சம்பளம் அவருக்கு முக்கியமாக வாங்கிக் கொடுத்தது அவகாசம். படத்தை அவசரமில்லாமல் முடிக்க அது போதும், முடித்த படத்தைத் தியேட்டருக்குக் கொண்டுபோகப் போதாது. அவர் ஜெயித்ததும் விழுந்ததும் அந்தக் கடைசிக் கட்டத்தில்தான்.

1929 டிசம்பரில் நியூயார்க்கில் கிரேக்கக் குடும்பத்தில் பிறந்தவர். 1950இல் அமெரிக்கன் அகாடமி ஆஃப் டிரமாட்டிக் ஆர்ட்ஸில் படிப்பை முடித்தார். 1954இல் நடிகை ஜீனா ரோலண்ட்ஸைக் கல்யாணம் செய்துகொண்டார். அப்போது நியூயார்க்கில் நேரலை டிவி நாடகங்களுக்கு நடிகர்கள் நிறையத் தேவைப்பட்டார்கள். கசவெட்டிஸுக்கு முறைத்துப் பார்க்கிற முரட்டு இளைஞன் வேஷமாக வந்துகொண்டிருந்தது. 1957இல் சிட்னி பாய்ட்டியருடன் 'எட்ஜ் ஆஃப் தி சிட்டி' படத்தில் நடித்துப் பெயர் வாங்கினார். அதே சமயம் பர்ட் லேன் என்பவரோடு சேர்ந்து நடிப்புப் பட்டறை ஒன்றும் நடத்தினார். அங்கே நடந்த ஒரு பயிற்சிதான் 'ஷேடோஸ்' ஆயிற்று.

அந்தப் படத்துக்கு முதல் காசு வானொலி வழியாக வந்தது. ஜீன் ஷெப்பர்டின் இரவு நிகழ்ச்சிக்குத் தன் புதுப் படத்துக்கு விளம்பரம் தேடிப் போன மனிதர், மனிதர்களைப் பற்றிய படம் வேண்டும் என்றால் கேட்கிறவர்களே ஆளுக்கு ஒரு டாலர் அனுப்பட்டும் என்கிற மாதிரிப் பேசிவிட்டு வந்தார். சுமார் 2,000 டாலர் வந்து சேர்ந்தது. (நம் பக்கத்தில் இதற்கு நெருங்கிய உறவு ஜான் ஆபிரகாம். 1977இல் தமிழில் 'அக்ரகாரத்தில் கழுதை' எடுத்தவர், பிறகு கேரளத்தில் ஒடெசா குழுவோடு மக்களிடம் காசு திரட்டி 1986இல் 'அம்ம அறியான்' எடுத்தார்.) படம் முடிய ஏறக்குறைய 40,000 டாலர் ஆயிற்று. ரசிகர்கள் தந்தது அதில் இருபதில் ஒரு பங்கு. மீதியெல்லாம் நண்பர்கள், கடன், அவர் சம்பாத்தியம். 1959இல் 'ஜானி ஸ்டக்காட்டோ' என்ற துப்பறியும் டிவி தொடரில் நாயகனாக நடிக்க ஒப்புக்கொண்டதற்கு அந்தக் கடன் ஒரு முக்கியக் காரணம். மொத்தம் 27 பகுதிகளில் ஐந்தை அவரே இயக்கினார்.

'ஸ்கிரிப்ட் இல்லை' என்ற பேச்சு பிறந்ததும் இந்தப் படத்தில்தான். நீங்கள் இப்போது பார்த்தது நடிகர்கள் அப்போதைக்கப்போது உருவாக்கிய படம் என்று படத்தின் கடைசியில் ஒரு அட்டை வரும். ஆனால் 'ஷேடோஸ்' இரண்டு. 1957இல் எடுத்த முதல் வடிவத்தை 1958 கடைசியில் நள்ளிரவுக் காட்சிகளாகக் காட்டினார்கள். பார்த்தவர்கள் பலருக்குப் பிடிக்கவில்லை, அவருக்கும் திருப்தியில்லை. 1959இல் மறுபடி படம்பிடித்து, பெரும்பகுதியை மாற்றி, நவம்பரில் சினிமா 16 அமைப்பில் திரையிட்டார். முதல் வடிவத்தைத் தலையில் தூக்கிவைத்து விருதும் கொடுத்த விமர்சகர் யோனாஸ் மேகாஸ், இரண்டாவதைப் பார்த்துவிட்டுக் கோபத்தில் எழுதினார். இன்று எல்லோருக்கும் கிடைப்பது இரண்டாவது வடிவம்தான். புதிதாகச் சேர்த்த காட்சிகள் எழுதிவைத்து எடுத்தவை என்பது ஆய்வாளர் ரே கார்னியின் வாதம். தொலைந்துபோனதாக நினைத்திருந்த முதல் வடிவத்தின் பிரிண்ட் ஒன்றையும் அவர் கண்டுபிடித்தார், 2004இல் ராட்டர்டாம் விழாவில் அது ஓடியது. அதை வெளியிடுவதில் ரோலண்ட்ஸ் தரப்புக்கு உடன்பாடு இருக்கவில்லை. ஆகவே எத்தனை நிமிடம் எழுதியது, எத்தனை நிமிடம் அப்போதைக்கு வந்தது என்று தராசில் நிறுத்துச் சொல்ல வேண்டாம். அட்டையில் இருப்பதை மட்டும் அப்படியே நம்ப வேண்டியதில்லை.

எழுதாமல் எடுத்ததன் பலனை அவர் அனுபவித்தார் என்பதும் சேர்த்துச் சொல்ல வேண்டியது. எடிட்டிங்குக்கு உட்கார்ந்தபோது யார் என்ன பேசினார்கள் என்று எழுதிவைத்த தாள் கையில் இல்லை. பல இடங்களில் ஒலியும் தேறவில்லை. உதட்டசைவைப் படிக்கத் தெரிந்தவர்களை வைத்து வசனத்தை மீட்டோம் என்று அவரே பிற்பாடு சொல்வார். கதை சொல்வதில் ஆள் கொஞ்சம் தாராளம், அதனால் அவர் சொன்னதை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். பிரச்சினை மட்டும் நிஜமான பிரச்சினை. அதற்கப்புறம் அவர் எழுதாமல் படப்பிடிப்புக்குப் போகவில்லை.

'ஷேடோஸ்' 1960இல் வெனிஸ் திரைப்பட விழாவில் விமர்சகர் பரிசு வாங்கியதும் ஸ்டூடியோக்கள் கூப்பிட்டன. பாரமவுன்ட்டுக்கு 'டூ லேட் புளூஸ்' (1961), தயாரிப்பாளர் ஸ்டான்லி கிரேமருக்கு 'எ சைல்ட் இஸ் வெயிட்டிங்' (1963). இரண்டாவதில் எடிட்டிங் கிரேமர் கைக்குப் போனது, இருவருக்கும் பெரிய சண்டை, கசவெட்டிஸுக்கு ஹாலிவுட்டில் இயக்குநர் வேலை கொடுக்க ஆளில்லாமல் போயிற்று. அவருக்குக் கிடைத்த பாடம் சின்னது. எடிட்டிங் மேஜை யார் வீட்டில் இருக்கிறதோ, படம் அவருடையது.

அந்தப் பாடத்தை எழுத்துக்கு எழுத்து நடைமுறைப்படுத்திய படம் 'ஃபேசஸ்'. 1965இல் ஆறு மாதம் படப்பிடிப்பு. லொகேஷன், பெரும்பாலும் அவருடைய சொந்த வீடும் மாமியார் வீடும். எடிட்டிங் அவர் வீட்டுக் கராஜில். வெளியானது 1968. நடுவில் போன மூன்று வருஷம் எங்கே போனது என்று தெரிய, வழக்கமான 35 எம்எம் ஃபிலிமை விட்டு அகலம் குறைந்த 16 எம்எம்மை அவர் தேர்ந்தெடுத்த கணக்கைப் பார்க்க வேண்டும். 400 அடி 16 எம்எம் சுருள் கேமராவில் 11 நிமிடம் ஓடும். அதே 400 அடி 35 எம்எம்மில் நாலரை நிமிடம்தான். 35 எம்எம்மில் 11 நிமிடம் வேண்டுமானால் 1,000 அடி மகசீன் (சுருள் வைக்கும் பெட்டி) மாட்ட வேண்டும், அதைத் தோளில் சுமந்துகொண்டு நடிகர் பின்னால் ஓட முடியாது. கணவன் மனைவி சண்டை ஒன்று சூடுபிடிக்கவே ஏழெட்டு நிமிடம் ஆகும் என்று நம்புகிற இயக்குநருக்கு இது உயிர்நாடி. காசிலும் வித்தியாசம்: ஒரு மணி நேரத்துக்கு 16 எம்எம் 2,160 அடி, 35 எம்எம் 5,400 அடி.

சுருள் மலிவு என்றதும் எடுத்துத் தள்ளினார்கள். 'ஃபேசஸு'க்கு எத்தனை மணி நேரம் எடுத்தார்கள் என்பதற்கு 115, 150 என்று பல எண்கள் உலவுகின்றன, நூற்றுக்கு மேல் என்பதில் எல்லோரும் ஒன்றுபடுகிறார்கள். நூறு மணி நேரம் என்று வைத்துக்கொண்டாலும் 2,16,000 அடி. தினம் எட்டு மணி நேரம் உட்கார்ந்தாலும் ஒரு தடவை போட்டுப் பார்க்கவே பன்னிரண்டு பதிமூன்று நாள் போய்விடும். அதற்கு முன்னால் ஒவ்வொரு சுருளுக்கும் ஒலியைத் தனியாகக் காந்த நாடாவிலிருந்து மாற்றி, உதட்டோடு பொருத்தியாக வேண்டும். ஒரு பிரேம் என்பது விநாடியில் 24இல் ஒரு பங்கு. இரண்டு மூன்று பிரேம் விலகினாலே பார்ப்பவருக்கு உறுத்தும். கேமராவும் டேப் ரெக்கார்டரும் ஒரே வேகத்தில் ஓடவில்லை என்றால் காட்சியின் தொடக்கத்தில் சரியாக இருப்பது ஐந்தாவது நிமிடத்தில் டப்பிங் படம் மாதிரி ஆகிவிடும். இதை உட்கார்ந்து சரிசெய்வது கலை இல்லை, கூலி வேலை. சம்பளத்துக்கு ஆள் வைத்திருந்தால் தயாரிப்பாளர் மூன்றாம் மாதமே கடையைக் கட்டியிருப்பார். நண்பர்கள் என்பதால் நடந்தது. ஒளிப்பதிவாளர் அல் ரூபன் எடிட்டிங்கிலும் உட்கார்ந்தார்.

அந்த மூன்று வருஷத்தில்தான் நடிப்புச் சம்பளம் வேலை செய்தது. 1967இல் 'டெவில்ஸ் ஏஞ்சல்ஸ்' என்று ஒரு பைக் கும்பல் படம், அதே வருஷம் 'தி டர்ட்டி டசன்', 1968இல் 'ரோஸ்மேரிஸ் பேபி'. முதலாவது வெறும் வயிற்றுப்பாட்டுக்கு. இரண்டாவதில் துணை நடிகருக்கான ஆஸ்கார் பரிந்துரை கிடைத்தது. மூன்றாவதில் இயக்குநர் போலன்ஸ்கியோடு படப்பிடிப்பு முழுக்க உரசல். வரிசையைக் கவனியுங்கள்: படப்பிடிப்பு முடிந்து, எடிட்டிங் நடக்கிற காலத்தில் வந்த கால்ஷீட்கள் இவை. வெளியில் போய் நடித்து வீட்டுச் செலவும் லேப் பில்லும் கட்டினார், கராஜில் வேலை நிற்காமல் போயிற்று.

முடிவில் 130 நிமிடப் படம், மூன்று ஆஸ்கார் பரிந்துரை. அதில் ஒன்று திரைக்கதைக்கு. ஸ்கிரிப்ட் இல்லாத படம் என்று நாம் சொல்லிக்கொண்டிருக்கிற இயக்குநருக்கு எழுத்துக்காகப் பரிந்துரை வந்தது என்பது வேடிக்கைதான். துணை நடிகைக்கான பரிந்துரை பெற்ற லின் கார்லின் அதற்குமுன் அலுவலகச் செயலாளராக வேலை பார்த்தவர். ஜான் மார்லிக்கு வெனிஸில் சிறந்த நடிகர் விருது.

அப்படியானால் திரையில் தெரிகிற அந்தத் தடுமாற்றம், பாதியில் முறியும் பேச்சு, இடம் பொருத்தமில்லாத சிரிப்பு எல்லாம் எங்கிருந்து வந்தது? வசனம் தாளில் இருந்தது, அசைவு தாளில் இல்லை. வழக்கமான படப்பிடிப்பில் நடிகர் எங்கே நிற்க வேண்டும் என்று தரையில் டேப் ஒட்டி மார்க் போடுவார்கள், அந்த இடத்துக்கு லைட்டும் ஃபோகஸும் வைத்திருப்பார்கள். கசவெட்டிஸ் அறை முழுக்கப் பொதுவாக லைட்டை வைத்துவிட்டு, கேமராவைத் தள்ளி நிறுத்தி நீள லென்ஸ் போட்டு, ஆளைத் தேடிப் பிடிக்கச் சொல்வார். நடிகர் நினைத்த இடத்தில் திரும்பலாம். விலை என்ன என்றால், ஃபோகஸ் அடிக்கடி போகும். அப்படிப் போன ஷாட்டையும் நடிப்பு நன்றாக இருந்தால் படத்தில் வைத்துக்கொள்வார். இது எல்லோருக்கும் சம்மதமான அழகு இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். அவர் படம் இழுவை என்று சொல்கிறவர்கள் எல்லோரும் ரசனை கெட்டவர்கள் கிடையாது.

இந்த முறை முழுசாகப் பலித்தது 1974இல் வந்த 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்' படத்தில். முதலில் ரோலண்ட்ஸுக்காக நாடகமாகத்தான் எழுதினார். இதைத் தினமும் மேடையில் நடித்தால் ஆள் தாங்காது என்று அவர் சொல்லிவிட்டதால் படமாயிற்று. கிட்டத்தட்ட பத்து லட்சம் டாலர். வீட்டை அடமானம் வைத்தார். 'கொலம்போ' தொடரில் கொடிகட்டிப் பறந்துகொண்டிருந்த பீட்டர் ஃபாக் 5 லட்சம் டாலர் போட்டார், கதாநாயகனாகவும் நடித்தார். அதாவது பாதிப் பணம் இன்னொரு நடிகரின் டிவி சம்பளம். 'தன் சம்பளத்தில் எடுத்தார்' என்பது பாதி உண்மை என்று மேலே சொன்னது இதனால்தான். யூனிட்டில் பாதிப் பேர் அமெரிக்கன் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் மாணவர்கள். கசவெட்டிஸே அங்கே அப்போது உறைவிடக் கலைஞராக (அங்கேயே இருந்து வேலை செய்ய அழைக்கப்பட்டவராக) இருந்தார். கதாநாயகியின் அம்மாவாக ரோலண்ட்ஸின் அம்மா, மாமியாராகக் கசவெட்டிஸின் அம்மா. ஒரு நிஜ வீட்டை எடுத்து, 13 வாரம், கதை போகிற வரிசையிலேயே படம் பிடித்தார்கள். வரிசையாக எடுப்பது சாதாரண தயாரிப்பில் கட்டாது. ஒரு நடிகருக்கு மூன்று நாள் வேலையை ஒன்றாகச் சேர்த்து முடித்து அனுப்புவதுதான் லாபம். நடிகர்கள் வீட்டு ஆட்களாகவும் லொகேஷன் கைவசமும் இருந்ததால் அவருக்குக் கட்டியது.

அதில் ஸ்பாகெட்டிக் காட்சி என்று ஒன்று உண்டு. கணவன் நிக் (ஃபாக்) ராத்திரி முழுக்க வேலை பார்த்துவிட்டுக் கூட வேலை செய்கிறவர்களை விடிகாலையில் வீட்டுக்குக் கூட்டி வருகிறான். மனைவி மேபெல் (ரோலண்ட்ஸ்) பெரிய பாத்திரத்தில் ஸ்பாகெட்டி வேகவைத்து நீள மேஜையில் பரிமாறுகிறாள். ஒருவர் பெயரை இன்னொருவர் பெயரோடு குழப்பிக் கேட்கிறாள். ஒரு தொழிலாளி ஓபரா பாட்டு எடுக்கிறார், அவள் எழுந்து பக்கத்தில் போய் அவர் வாய்க்குள்ளேயே பார்க்கிற மாதிரி நிற்கிறாள். இன்னொருவரை ஆட வா என்று விடாமல் கூப்பிடுகிறாள். அவர் நெளிகிறார். நிக் திடீரென்று கத்தி உட்காரச் சொல்கிறான். மேஜை அடங்கிவிடுகிறது. முள்கரண்டிச் சத்தம் மட்டும். இதில் பத்துப் பேர் ஒரே நேரத்தில் பேசுகிறார்கள். ஒருவர் குரல் மேல் இன்னொருவர் குரல் விழுந்துவிட்டால், அந்த டேக்கை வெட்டி அடுத்த டேக்கோடு ஒட்ட முடியாது, பின்னணியில் பாதி வார்த்தை தொங்கும். அதனால் இப்படிப்பட்ட காட்சியில் ஒரு டேக் முழுசாகத் தேற வேண்டும், இல்லையேல் திரும்ப முதலிலிருந்து. திரும்ப முதலிலிருந்து என்றால் புதிதாக ஸ்பாகெட்டி வேகவைக்க வேண்டும் என்றும் அர்த்தம்.

படத்தை வாங்க விநியோகஸ்தர்கள் வரவில்லை. அவரே கம்பெனி தொடங்கி விநியோகத்தில் இறங்கினார். 1974 அக்டோபரில் நியூயார்க் விழாவில் காட்டி, தியேட்டர்காரர்களிடம் நேரடியாகப் பேசி, ஃபாக்கோடு கல்லூரி கல்லூரியாகப் போனார். ஆஸ்காரில் ரோலண்ட்ஸுக்கு நடிகை பரிந்துரை, இவருக்கு இயக்குநர் பரிந்துரை. நன்றாகவே ஓடியது. சொந்த விநியோகத்தில் லாபம் எங்கே என்றால், வசூலில் தியேட்டர் பங்கு போனபின் விநியோகஸ்தர் எடுக்கும் கமிஷன் உங்களிடமே தங்குகிறது. பிரிண்ட், விளம்பரச் செலவை எவ்வளவு கழித்தார் என்று கணக்கு கேட்டுச் சண்டை போட வேண்டியதில்லை. நஷ்டம் எங்கே என்றால், பாக்கி வசூலில். பெரிய கம்பெனிக்குத் தியேட்டர் பாக்கி வைத்தால் அடுத்த படம் வராது என்ற பயம் இருக்கும். ஒரே ஒரு படம் வைத்திருக்கிற கம்பெனிக்கு அந்தப் பிடி கிடையாது.

அவருக்கு அடுத்த படங்கள் இருந்தன, ஆனால் அவை ஓடவில்லை. 1976இல் 'தி கில்லிங் ஆஃப் எ சைனீஸ் புக்கி', 135 நிமிடம், சீக்கிரமே தியேட்டரைவிட்டுப் போய்விட்டது. 1977இல் 'ஓபனிங் நைட்'. பெர்லினில் ரோலண்ட்ஸுக்கு வெள்ளிக் கரடி கிடைத்தது. அமெரிக்காவில் முறையான விநியோகம் 1991இல்தான், அதாவது இயக்குநர் இறந்து இரண்டு வருஷம் கழித்து. ஒரு படத்தில் வந்த லாபம் இரண்டு படத்தில் போயிற்று. வேறு தொழிலாக இருந்தால் இதை வேறு மாதிரிச் சொல்வார்கள்.

பிறகு மறுபடி ஸ்டூடியோ பணம். 'குளோரியா'வை (1980) விற்பதற்காக எழுதினார், கொலம்பியா இயக்கவும் சொன்னது. வெனிஸில் தங்கச் சிங்கத்தை லூயி மாலின் படத்தோடு பகிர்ந்துகொண்டது. 1984இல் கேனன் கம்பெனிக்காக 'லவ் ஸ்ட்ரீம்ஸ்', திரும்ப சொந்த வீட்டிலேயே படப்பிடிப்பு. பெர்லினில் தங்கக் கரடி. அப்போதே கல்லீரல் கெட்டிருந்தது. 1989 பிப்ரவரியில் 59 வயதில் இறந்தார்.

நீங்கள் எடுக்கப் போகிறீர்கள் என்ற நினைப்பில் கேட்டிருந்தால், அவரிடமிருந்து எது இன்று செல்லும், எது செல்லாது என்பதையும் சொல்ல வேண்டும். ஃபிலிம் செலவு போய்விட்டது, அதனால் 'சுருள் மலிவு' என்ற அவருடைய சாதகம் இப்போது எல்லோருக்கும் உண்டு. நூறு மணி நேரத்தைப் பார்க்கிற கூலி மட்டும் குறையவில்லை. வசனத்தை எழுதிக்கொண்டு போங்கள், செட்டில் மாறினால் மாறியதை உடனே குறித்துவைக்க ஒரு ஆளைப் போடுங்கள். பேச்சு ஒன்றன்மேல் ஒன்று விழும் காட்சியில் ஒவ்வொருவருக்கும் தனி மைக், தனி டிராக். காட்சி முடிந்ததும் ஒரு நிமிடம் எல்லோரையும் வாய்மூடி நிற்கவைத்து அந்த அறையின் வெறும் ஒலியைப் பதிவுசெய்யுங்கள், எடிட்டிங்கில் ஓட்டை அடைக்க அதுதான் உதவும். வேறு வருமானத்தைப் படப்பிடிப்புக்கு முன்னால் செலவழிக்காமல், எடிட்டிங் காலத்துக்கு ஒதுக்குங்கள். வீட்டை அடமானம் வைப்பதைப் பற்றி நான் எதுவும் சொல்லமாட்டேன். அவருக்கு ஒரு தடவை திரும்பி வந்தது, ஃபாக் மாதிரி ஒரு நண்பரும் இருந்தார். 1950களின் நேரலை டிவியும் 70களின் அமெரிக்கக் கல்லூரி சினிமா வட்டமும் இங்கே இப்போது இல்லை, அந்தக் கணக்கை இங்கே போட்டால் விடை வேறாக வரும்.

படங்களை 'எ வுமன்'இல் தொடங்குங்கள், 'ஃபேசஸ்' அடுத்து, 'ஷேடோஸ்' அதற்கப்புறம். முக்கியமான படங்களை டிஸ்க்கில் வெளியிடும் கிரைடீரியன் கம்பெனி 2004இல் போட்ட ஐந்து படத் தொகுப்பில் இந்த மூன்றோடு 'ஓபனிங் நைட்'டும் 'சைனீஸ் புக்கி'யும் இருக்கின்றன. கடைசியாகச் சொன்னது அதில் இரண்டு வடிவத்திலும் கிடைக்கும்: 1976இன் 135 நிமிடமும், அவரே 1978இல் திரும்ப எடிட் செய்த 108 நிமிடமும். இரண்டாவது வெறுமனே 27 நிமிடத்தை வெட்டியது இல்லை. காட்சிகளின் வரிசை மாறியிருக்கிறது, முதலில் இல்லாத துண்டுகளும் உள்ளே வந்திருக்கின்றன. குட்டையானதை முதலில் பார்த்துவிட்டு, ஒரு வாரம் கழித்து நீளமானதைப் பாருங்கள்.